பிரெஞ்சுச் சிருங்காரப் படமும் உலகச் சந்தையும்

லூமியேர் சகோதரர்கள் பாரிஸ் நகரத்தில் 1895ஆம் ஆண்டு டிசம்பர் 28ஆம் தேதி கட்டணம் வாங்கிக்கொண்டு சலனப்படம் காட்டிய நாளிலிருந்து ஓராண்டு நிறைவதற்கு முன்பே, அதே நகரத்தில் பிரமுகர்களைப் படம் பிடித்துக் கீர்த்தி பெற்றிருந்த எழேன் பிரூ என்னும் புகைப்படக்காரர், புதுமணப்பெண் ஒருத்தி முதலிரவில் உறங்கப் போகுமுன் தன் ஆடைகளை ஒவ்வொன்றாகக் களைவதைக் காட்டும் சிறு படம் ஒன்றை வெளியிட்டார். ஒலிம்பியா அரங்கத்தில் மேடைக் காட்சியாக ஏற்கெனவே பிரசித்தி அடைந்திருந்த விஷயம் அது. மேடையில் நடித்த லூயிஸ் வில்லி என்ற நடிகையே படத்திலும் நடித்தார். படமெடுத்தவர் அல்பேர் கிர்ஷ்னர் என்பவர். ஆனால் அவர் தம்மை ‘லேயார்’ என்ற புனைபெயராலேயே உலகுக்கு அறிவித்துக்கொண்டார். நாகரிகச் சீமான்கள் கூடும் கஃபே த லா பே என்னும் சிற்றுண்டிச் சாலையின் கூடத்தில் அது காட்டப்பட்டது. பார்க்க வந்த கூட்டத்தைக் கண்ட மற்றவர்கள், மெலியேஸ் போன்ற மகா கலைஞர் உள்பட, அதே மாதிரியான படங்களை எடுக்க முற்பட்டார்கள்.

இன்று அந்தப் படத்தைப் பார்ப்பவருக்கு அதில் ஆட்சேபிக்கத்தக்கது யாதொன்றும் தென்படாது. எனினும் பிரெஞ்சு நாட்டுச் சிருங்கார சினிமாவின் பின்னாளைய சரித்திரம் முழுவதற்கும் ஆதாரமான இரண்டு குணங்கள் அந்தச் சில நிமிஷங்களிலேயே கருக்கொண்டிருந்தன என்பது என் துணிபு. ஒன்று அலங்காரம்: மேடையிலிருந்து வந்த தேர்ந்த நடிகை, நேர்த்தியான ஆடைகள், மரியாதைக்குரிய மனிதர் கூசாமல் வந்து உட்காரத்தக்க இடம் ஆகியவை எல்லாம் சேர்ந்து, பார்ப்பவருடைய மனச்சாட்சிக்கு ஓர் அனுமதிச் சீட்டை வழங்கின. மற்றொன்று, அந்த அலங்காரத்தைச் சிருஷ்டித்தவர் தம் பெயரை ஒளித்துக்கொண்டது. உலகமெங்கும் விலைபோன சரக்கு அலங்காரம். அதற்காக ஒளிக்கப்பட்டது மனிதருடைய பெயர்.

சரக்கு உலகமெங்கும் போவதற்கு வழி வகுத்தவர் ஷார்ல் பாத்தே. 1896இல் சகோதரர்களோடு கூடி அவர் நிறுவிய கம்பெனி, பத்தே ஆண்டுகளில் உலகத்தின் தலைசிறந்த படத்தயாரிப்பு ஸ்தாபனமாயிற்று. வென்சேன் தொழிற்கூடத்தில் நூற்றுக்கணக்கான பெண்கள் வரிசையாக அமர்ந்து, அச்சுத் தகடுகளை வெட்டிப் படச்சுருளின் ஒவ்வொரு சட்டத்துக்கும் வண்ணம் ஏற்றினார்கள். பாத்தே கம்பெனியின் விற்பனைப் பட்டியல் சரித்திரக் காட்சிகள், ஹாஸ்யக் காட்சிகள், மதக் காட்சிகள் என்று பிரிக்கப்பட்டிருந்தது. அவற்றோடு, பெரியவர்களுக்கு மாத்திரம் உரிய சரசக் காட்சிகளுக்கும் அதில் தனித் தலைப்பு இருந்தது. கிறிஸ்து நாதரின் பாடுகளும் குளிக்கும் பெண்ணின் கூச்சமும் ஒரே பட்டியலில், ஒரே விநியோக முறையில், மாஸ்கோவுக்கும் நியூயார்க்குக்கும் கல்கத்தாவுக்கும் விலை குறிக்கப்பட்டுக் கிடைத்தன. குடும்பத்தோடு வரும் ஜனங்களே நிலையான வருமானம் என்று கம்பெனி உணர்ந்த பிறகுதான் அந்தத் தலைப்பு மெல்ல மறைந்தது.

பிரெஞ்சுப் படச்சுருள் எவ்வளவு தூரம் பயணம் செய்தது என்பதற்குத் தமிழர்களாகிய நமக்கு ஒரு சாட்சி உண்டு. 1905இல் துபோன் என்ற பிரெஞ்சுக்காரர் இயேசுவின் வாழ்க்கைப் படத்தோடு ஊர் ஊராகத் திரிந்து திருச்சிராப்பள்ளிக்கு வந்து, தொடர்ந்து செல்ல இயலாமற் போகவே, ரெயில்வே ஊழியராயிருந்த சாமிக்கண்ணு வின்சென்ட் அவருடைய யந்திரத்தையும் படங்களையும் விலைக்கு வாங்கினார். தென்னாட்டுச் சினிமாவின் கதை அங்கிருந்து தொடங்குகிறது. சரசப் படம் அந்த வழியாக நம் ஊருக்கு வந்தது என்று நான் சொல்லவில்லை. பாரிஸில் அச்சான ஒரு சுருள் காவேரிக் கரை வரையில் வந்து சேர்வதற்கான பாதை அவ்வளவு சீக்கிரம் போடப்பட்டுவிட்டது என்பதை மட்டும் நினைவூட்டுகிறேன்.

பட்டியலிலிருந்து விலக்கப்பட்டது அழிந்துபோகவில்லை. சட்டத்துக்கு மறைவாக, பெரும்பாலும் விலைமாதர் இல்லங்களின் வரவேற்பறைகளில் காத்திருப்போருக்குக் காட்டும் பொருட்டு, குறும்படங்கள் எடுக்கப்பட்டுவந்தன. அவற்றில் நடித்தவர்களின் பெயரும் இல்லை, எடுத்தவர்களின் பெயரும் இல்லை. அத்தகைய மௌனப் படங்கள் சிலவற்றை மிஷேல் ரெலாக் என்பவர் தொகுத்து 2002இல் கான் திரைப்பட விழாக் காலத்தில் காட்டினார்.

இந்த இடத்தில் பெர்னார் நாத்தான் என்ற மனிதரைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்லவேண்டும். ஏனெனில் இந்தத் தொழிலின் நிழல் ஒருவரை எவ்வாறு கொல்லக்கூடும் என்பதற்கு அவரினும் பெரிய உதாரணம் இல்லை. ருமேனியாவில் யூதக் குடும்பத்தில் பிறந்து பாரிஸுக்கு வந்தவர் அவர். இளமையில் ஆபாசப் படம் சம்பந்தமாக ஒரு தண்டனை பெற்றவர். முதல் உலக யுத்தத்தில் பிரான்சுக்காகப் போர்க்களம் சென்று, அதன் பின் பிரஜாவுரிமை பெற்றவர். 1929இல் பாத்தே கம்பெனியையே வாங்கி, பிரான்கேர் வீதியில் நவீனமான படப்பிடிப்பு நிலையத்தை நடத்தி, பேசும் படத்துக்குப் பிரெஞ்சு நாட்டைத் தயார் செய்தார். ரேமோன் பெர்னார் இயக்கிய 1934ஆம் வருஷத்து ‘லே மிஸராப்ள்’ அவருடைய கம்பெனியின் படமே. பொருளாதார மந்தத்தில் கம்பெனி திவாலானபோது, கணக்கு விவகாரமாக எழுந்த குற்றச்சாட்டோடு, அவருடைய பிறப்பையும் பழைய தண்டனையையும் பத்திரிகைகள் சேர்த்துப் பிணைத்தன. அவர் கைவிட்டிருந்த பழைய யூதக் குடும்பப் பெயரைக் கொட்டை எழுத்தில் அச்சிட்டார்கள். மறைவுப் படங்களை எடுத்தவர் மட்டுமல்ல, அவற்றில் நடித்தவரும் இவரே என்ற வதந்தி பரவிற்று. அந்த வதந்தியைச் சினிமா சரித்திரம் எழுதியவர்கள் கூடப் பல பத்தாண்டுகள் ஆராயாமல் திருப்பித் திருப்பி எழுதினார்கள். 1938இல் கைது செய்யப்பட்ட நாத்தான், சிறையிலிருந்து ஜெர்மானியர் கையில் ஒப்படைக்கப்பட்டு, 1942 செப்டம்பரில் ஆஷ்விட்ஸுக்கு அனுப்பப்பட்டார்; திரும்பி வரவில்லை. இன்று பிரான்கேர் வீதியின் அந்தக் கட்டடத்தில் அரசாங்கத்தின் திரைப்படக் கல்லூரி நடைபெறுகிறது. அங்கே அவர் பெயரைப் பொறித்த கல் பதிக்கப்படுவதற்கு 2014ஆம் ஆண்டு வரவேண்டியிருந்தது. மற்றவர்கள் பெயரை மறைத்துத் தப்பினார்கள். இவர் பெயரையோ தோண்டி எடுத்துத் தூற்றினார்கள்.

யுத்தத்துக்குப் பின் பிரெஞ்சு அரசாங்கம் செய்த ஒரு ஏற்பாட்டை விளங்கிக்கொண்டாலன்றிப் பிற்காலத்துச் சம்பவங்கள் விளங்கமாட்டா. 1946இல் தேசிய சினிமா மையம் ஒன்றை நிறுவி, பின்னர் திரையரங்கில் விற்கும் ஒவ்வொரு டிக்கெட்டின் மீதும் ஒரு விசேஷ வரி விதித்து, அந்த வரிப் பணத்தை ஒரு நிதியில் சேர்த்து, எந்தப் படத்துக்கு எவ்வளவு ஜனங்கள் வந்தார்களோ அந்த விகிதப்படி அதன் தயாரிப்பாளருக்கு அடுத்த படத்துக்கான உதவித்தொகை தானாகக் கிடைக்கும்படி செய்தார்கள். ஹாலிவுட்டின் வெள்ளத்துக்கு எதிரே தேசத்துச் சினிமாவை நிலைநிறுத்திய அணை இது. ஜனங்கள் எதைப் பார்க்கிறார்களோ அதற்கே பணம் என்ற இந்த விதி, படத்தின் குணத்தைக் கேட்கவில்லை. கேட்கவேண்டிய அவசியமும் அப்போது நேரவில்லை, ஏனெனில் தணிக்கை கடுமையாக இருந்தது. 1966இல் தீதரோவின் நாவலைத் தழுவி ரிவெத் எடுத்த ‘லா ரெலிஜியூஸ்’ என்னும் மிகக் கண்ணியமான படத்தையே, கன்னிமடத்தைப் பற்றியது என்பதற்காகச் சில காலம் தடை செய்திருந்தார்கள்.

அந்த நிலைமை 1974இல் மாறிற்று. ‘எம்மானுவேல்’ என்ற நாவல் 1959இல் ஆசிரியர் பெயரும் பிரசுரகர்த்தர் பெயரும் இல்லாமல் இரகசியமாக வெளிவந்து, 1967இல்தான் எம்மானுவேல் அர்சான் என்ற பெயருடன் பகிரங்கமாக விற்கப்பட்டது. அந்தப் பெயருக்குப் பின்னால் இருந்தவர் பாங்காக்கில் பிறந்து பிரெஞ்சு ராஜதந்திரி ஒருவரை மணந்த பெண்மணி என்பார்கள். எழுதியவர் அந்தக் கணவரே என்ற அபிப்பிராயமும் பலமாக உண்டு. விளம்பரத் துறையிலிருந்து வந்த இவ் ரூசே-ருவார் என்ற தயாரிப்பாளர் அதைப் படமாக்க முனைந்து, அதுவரையில் நாகரிக ஆடைகளைப் புகைப்படம் எடுத்துவந்தவரும் முழுநீளப் படம் எதையும் எடுத்தறியாதவருமான ஜுஸ்த் ஜேக்கானிடம் பொறுப்பை ஒப்படைத்தார். நாயகி, உட்ரெக்டில் பிறந்த டச்சுக்காரியான சில்வியா கிறிஸ்டெல், வயது இருபத்தொன்று. கௌரவமான மேடை நடிகர் அலேன் கூனி ஒரு பாத்திரத்தை ஏற்றார். இசை பியேர் பாஷ்லே. படப்பிடிப்பு தாய்லாந்தில்.

இந்தத் தேர்வுகள் ஒவ்வொன்றையும் ஊன்றிப் பார்த்தால், அலங்காரம் இங்கே எவ்வளவு திட்டமாக வகுக்கப்பட்டிருந்தது என்பது புலனாகும். மென்மையாகப் படர்ந்த ஒளி, வெண்ணிற ஆடைகள், மூங்கில் திரைகள், மயிற்றோகை போல் விரிந்த முதுகுடைய பிரம்பு நாற்காலி எல்லாம் பெண்கள் பத்திரிகையின் பளபளப்பான பக்கங்களிலிருந்து எழுந்து வந்தவை. பெண்ணும் கணவனுமாகச் சேர்ந்து வந்து பார்ப்பதற்கு உகந்த படமாக அது எண்ணப்பட்டது, அப்படியே வந்தார்கள். பொம்பிடூ ஜனாதிபதியாக இருந்த காலத்தில் கலாசார மந்திரி மொரீஸ் துருவோன் அதற்கு இடங்கொடாமல் நிறுத்தி வைத்திருந்தார். 1974 ஏப்ரலில் பொம்பிடூ காலமாகி, மே மாதத்தில் ஜிஸ்கார் தெஸ்தேன் ஜனாதிபதியானவுடன், வயது வந்தவர்கள் என்ன பார்க்கவேண்டும் என்பதை அரசாங்கம் தீர்மானிக்காது என்ற கொள்கை பிரகடனமாயிற்று. ஜூன் 26இல் படம் வெளியாயிற்று. பிரான்சில் மட்டும் ஏறத்தாழ 89 லட்சம் டிக்கெட்டுகள் விற்றன. ஷான்ஸ் எலிசே வீதியின் திரியோம்ப் அரங்கத்தில் பத்தாண்டுகளுக்கும் மேலாக அது ஓடிற்று.

வெளிநாடுகளிலும் அது வென்றது. அமெரிக்காவில் கொலம்பியா கம்பெனி, வயது வந்தோர்க்கு மட்டும் என்னும் எக்ஸ் முத்திரை பெற்ற படத்தை முதன்முறையாகத் தன் பெயரால் விநியோகிக்க இசைந்தது. மற்ற எக்ஸ் படங்களைப் போன்றதன்று இது என்பதே விளம்பரத்தின் சாராம்சம். ஜப்பானில் பெண்கள் திரளாகச் சென்று பார்த்தார்கள். பிராங்கோவின் ஆட்சியில் இருந்த ஸ்பெயினில் படத்துக்கு அனுமதி இல்லை. ஆகவே ஸ்பானியர்கள் வாரந்தோறும் பஸ்களிலும் கார்களிலும் எல்லையைத் தாண்டி, பெர்ப்பிஞான் என்ற தென்பிரெஞ்சு நகரத்துக்குத் தீர்த்த யாத்திரை போல் சென்று, ‘எம்மானுவே’லையும் அதற்கு முன் வந்த ‘பாரிஸில் கடைசி டாங்கோ’வையும் பார்த்துத் திரும்பினார்கள். அந்தச் சிறிய நகரத்தின் கொட்டகைகள் தம்முடைய ஜனத்தொகைக்குச் சற்றும் பொருந்தாத வசூலைக் கண்டன. ஒரு தேசத்தின் அரசியல் சுதந்திரமின்மையைப் பக்கத்து ஊர்க் கொட்டகை வரவினால் அளக்க நேர்ந்த காலம் அது.

அலங்காரத்தின் விலையைக் கொடுத்தவர்கள் யார் என்று கேட்காமல் இந்த வெற்றியை வியந்து நிற்பது நியாயமாகாது. தாய்லாந்து அந்தப் படத்தில் ஒரு பின்புலத் திரை. அந்நாட்டு ஜனங்கள் வேலைக்காரராகவோ வழிப்போக்கராகவோ அச்சமூட்டும் ஆடவராகவோ வருகிறார்களே ஒழிய, பெயருள்ள மனிதராக வருவதில்லை. காலனி ஆதிக்கம் அரசியலில் முடிந்த பிறகும் கற்பனையில் முடியவில்லை என்பதற்கு இது ஒரு தெளிவான அத்தாட்சி; அந்த மென்மையான ஒளியே அதை மறைத்தது. கிறிஸ்டெல்லின் கதையும் துயரமானதே. ஷப்ரோல், வாதீம், பொரோவ்சிக் முதலிய இயக்குநர்களின் படங்களில் அவர் பின்னர் நடித்தபோதிலும், அந்தப் பிரம்பு நாற்காலியை விட்டு எழுந்திருக்க உலகம் அவரை அனுமதிக்கவில்லை. 2006இல் வெளியிட்ட சுயசரிதையில் தம் வாழ்வின் காயங்களை அவர் ஒளிக்காமல் எழுதினார். 2012இல் அறுபதாம் வயதில் காலமானார்.

தணிக்கையின் கதவு திறந்த பின், சிருங்காரத்துக்கும் அதற்கு அப்பாற்பட்டதற்கும் இடையே இருந்த கோடு சீக்கிரத்திலேயே அழிந்துபோயிற்று. 1975இல் மட்டும் எத்தனை நிகழ்ந்தன! ஜான்-பிரான்சுவா தாவி, ஆபாசப் பட நடிகையான குளோதீன் பெக்காரியைப் பற்றி ‘எக்சிபிஷன்’ என்ற ஆவணப் படத்தை எடுத்தார். நடிகையே தம் வாழ்க்கையைத் தம் வாயால் சொல்லும் அது, நியூயார்க் திரைப்பட விழாவில் இடம் பெற்றது. ஒளிக்கப்பட்ட பெயர்களின் சரித்திரத்தில் தன் பெயரோடும் குரலோடும் ஒருத்தி முன்வந்து பேசிய தருணம் என்ற வகையில் நான் அதை மிகவும் மதிக்கிறேன். அதே ஆண்டில் ஜேக்கான் ‘இஸ்துவார் தோ’ என்னும் நாவலைப் படமாக்கினார். போலீன் ரேயாஜ் என்ற பெயரால் 1954இல் வந்த அந்நூலை எழுதியவர், காலிமார் பதிப்பகத்தின் மதிப்புக்குரிய இலக்கியப் பெண்மணி தொமினிக் ஓரி என்பதை அவரே ஒப்புக்கொள்ள 1994 வரை நாற்பது வருஷங்கள் ஆயின. ‘லெக்ஸ்பிரஸ்’ வாரப்பத்திரிகை அந்தக் கதையை அட்டையிலேயே கொண்டாடியபோது, பெண்ணை அடிமையாக்கிக் காட்டுவதா என்று பெண் விடுதலை இயக்கத்தினர் பத்திரிகை அலுவலகத்துக்கே சென்று கிளர்ச்சி செய்தார்கள். பிரிட்டனில் அந்தப் படத்துக்கு 2000ஆம் ஆண்டில்தான் அனுமதி கிடைத்தது.

அரசாங்கமோ இக்கட்டில் சிக்கிக்கொண்டது. தடை செய்வதில்லை என்று ஜனாதிபதி வாக்களித்துவிட்டார். ஆனால் முன்னே சொன்ன நிதியின் விதிப்படி, ஆபாசப் படத்துக்கு விற்ற ஒவ்வொரு டிக்கெட்டும் அடுத்த ஆபாசப் படத்துக்கு அரசாங்க உதவித்தொகையைச் சம்பாதித்துக் கொடுத்துக்கொண்டிருந்தது. இதற்கு அவர்கள் கண்ட வழி, தணிக்கை அதிகாரியின் கத்தரிக்கோலை வரி அதிகாரியின் பேனாவாக மாற்றுவது. 1975 டிசம்பர் 30ஆம் தேதியச் சட்டத்தின்படி, எக்ஸ் என்று வகைப்படுத்தப்பட்ட படங்களுக்கு உதவித்தொகை நிறுத்தப்பட்டது. டிக்கெட்டின் மீது மதிப்புக் கூட்டு வரி 33 சதவீதமாக உயர்ந்தது. லாபத்தில் 20 சதவீதம் விசேஷமாகப் பிடிக்கப்பட்டது. வெளிநாட்டு எக்ஸ் படம் ஒவ்வொன்றுக்கும் 3 லட்சம் பிராங்க் கட்டவேண்டும் என்றாயிற்று. தனிக் கொட்டகைகளில் மட்டுமே அவற்றைக் காட்டலாம். இது தந்திரமான சட்டம் என்பதை மறுப்பதற்கில்லை. நேர்மையான சட்டம் என்று என்னால் சொல்ல இயலாது. தடை செய்பவன் தன் செயலுக்குக் காரணம் சொல்லக் கடமைப்பட்டவன். வரி விதிப்பவனோ பணத்தையும் வாங்கிக்கொண்டு பொறுப்பையும் கழித்துவிடுகிறான்.

அன்னியப் படங்கள் வரி பாரத்தால் வரமுடியாமற்போகவே, உள்நாட்டுச் சந்தை உள்நாட்டாருக்கே கிடைத்தது. ஆனால் அந்தச் சந்தையில் அலங்காரத்துக்குப் பணம் இல்லாமற் போயிற்று. பிரான்சிஸ் மிஷ்கின்ட் நடத்திய அல்பா பிரான்ஸ் போன்ற கம்பெனிகள் 35 மில்லிமீட்டர் சுருளில், சினிமாத் தொழிலில் கைதேர்ந்தவர்களைக் கொண்டு, சில நாட்களுக்குள் ஒரு படத்தை முடித்தன. அந்தத் தேர்ந்த கைகள் யாருடையவை? ‘பர்ட் டிரான்பரே’ என்ற விசித்திரப் பெயரோடு வந்த படங்களை இயக்கியவர், இந்தோசீன யுத்தத்தைப் பற்றி 1957இல் படமெடுத்தவரும், 1973இல் மாபெரும் நடிகர் ஜான் காபினை வைத்து ‘லாஃபேர் தொமினிசி’யை இயக்கியவருமான குளோது பெர்னார்-ஓபேர். குளோது மூலோ என்ற இயக்குநர், தம் முந்தைய படமொன்றின் பாத்திரத்துக்கு இட்டிருந்த ‘பிரதெரிக் லான்சாக்’ என்ற பெயரையே தமக்குச் சூட்டிக்கொண்டார். ஒளிப்பதிவாளர்களும் தொகுப்பாளர்களும் அப்படியே. சட்டம் கொட்டகையை ஒதுக்குப்புறமாக்கியது போலவே கலைஞனையும் ஒதுக்குப்புறமாக்கிற்று. பகலில் ஒரு பெயர், இரவில் ஒரு பெயர் என்ற வாழ்க்கை அவர்களுக்கு விதியாயிற்று.

வீடியோ நாடா வந்ததும் தனிக் கொட்டகைகள் வரிசையாக மூடப்பட்டன. பாரிஸில் எஞ்சியிருந்த கடைசி அரங்கமான பெவர்லி 2019இல் மூடிற்று. அலங்காரத்துக்கான பணமோ எதிர்பாராத திசையிலிருந்து திரும்பி வந்தது. 1984 நவம்பரில் தொடங்கிய கனால் பிளஸ் என்ற சந்தாத் தொலைக்காட்சி, அடுத்த ஆண்டு ஆகஸ்டு 31ஆம் தேதி நள்ளிரவில், பத்து வருஷங்களுக்கு முன் எடுக்கப்பட்ட அதே ‘எக்சிபிஷ’னைக் காட்டியது. மாதம் ஒருமுறை இத்தகைய படம் என்பது சந்தாதாரருக்கு ஒரு வழக்கமாயிற்று. சந்தா கட்டாத வீட்டுப் பிள்ளைகள் குலைந்து தெரியும் பிம்பத்தைக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு உற்றுப் பார்த்ததை ஒரு தலைமுறையே இன்றும் நினைவுகூர்கிறது. தொலைக்காட்சி முன்பணம் கொடுத்து வாங்கிய படம், மற்ற நிகழ்ச்சிகளின் தரத்துக்குத் தாழாமல் இருக்கவேண்டியிருந்தது. 1979இல் மார்க் டோர்செல் நிறுவிய கம்பெனி இதை நன்கு உணர்ந்தது. மாளிகை, மாடிப்படி, பட்டு உள்ளாடை, கறுப்பு மோட்டார் வண்டி என்று, பிரான்சைப் பற்றி அன்னியர் மனத்தில் ஏற்கெனவே பதிந்திருந்த சித்திரத்தையே தன் முத்திரையாக்கிக்கொண்டு, பல தேசங்களின் தொலைக்காட்சிகளுக்கு விற்றது. 1989க்குப் பின் கிழக்கு ஐரோப்பா திறந்தபோது, பாரிஸ் என்ற பெயரால் விற்ற படங்களில் பல ஹங்கேரியில் எடுக்கப்பட்டன. மாளிகைகளும் அங்கே மலிவு, மனித உழைப்பும் மலிவு.

எக்ஸ் சட்டத்தின் நிழல் சாதாரண சினிமா மீதும் விழுந்தது. விர்ஜினி தெபான்த், கொராலி திரின் தி என்ற இரு பெண்கள் 2000இல் எடுத்த ‘பேஸ்-முவா’வின் அனுமதியை ஜூன் 30ஆம் தேதி உச்ச நிர்வாக நீதிமன்றம் ரத்து செய்தது. சாதாரணப் படத்துக்கும் எக்ஸ் படத்துக்கும் இடைப்பட்ட, பதினெட்டு வயதுக்கு மேற்பட்டோர்க்கு என்னும் வகையை அடுத்த ஆண்டு மீண்டும் உண்டாக்கிய பின்னரே அதற்கு வழி பிறந்தது.

இணையம் இலவசமாக எல்லாவற்றையும் கொட்டத் தொடங்கியபின், விலையுயர்ந்த அலங்காரம் ஒரு சிறிய மூலைக்குச் சுருங்கிற்று. மற்ற இடங்களில் நடந்தது என்ன என்பதை நீதிமன்றங்கள் அறிந்துகொள்ள நேர்ந்தது. 2020 முதல் பாரிஸில் நடந்த குற்ற விசாரணைகளில், ஏமாற்றியும் வற்புறுத்தியும் படமெடுக்கப்பட்டதாகப் பெண்கள் பலர் முறையிட்டார்கள். 2021இல் டோர்செல் கம்பெனி நடிப்பவர்களின் சம்மதத்தையும் உரிமைகளையும் குறித்த ஒழுங்குப் பத்திரம் ஒன்றை வெளியிட்டது. 2022 செப்டம்பரில் செனட் சபையின் பெண்ணுரிமைக் குழுவைச் சேர்ந்த நான்கு பெண் உறுப்பினர்கள், திரைக்குப் பின்னுள்ள நரகம் என்று கருத்துப்படும் தலைப்பிட்டு ஓர் அறிக்கை சமர்ப்பித்தார்கள். வெளியிட்ட படத்தை விலக்கிக்கொள்ளுமாறு கேட்கும் உரிமை அதில் நடித்தவருக்கு வேண்டும் என்று அந்த அறிக்கை கோருகிறது. கிர்ஷ்னரும் மூலோவும் பெர்னார்-ஓபேரும் புனைபெயருக்குள் சென்று மறையலாம். நடிகை தன் முகத்தை எங்கே கொண்டுபோய் மறைப்பாள்? ஒரு சுருளை அழித்தால் போதும் என்றிருந்த காலம் போய், ஒரு பிரதி உலகமெங்கும் கோடிப் பிரதியாகப் பெருகும் காலத்தில், அந்த உரிமையை எந்தத் தேசத்தின் சட்டம் எந்தத் தேசத்துக் கம்பெனியிடம் நிறைவேற்றி வைக்கும் என்பதே கேள்வியாக நிற்கிறது.